படத்தில் இருந்தவரை யார் கேட்டார்கள்?

ஆண்களுக்கான இதழ்களின் வரலாறு பெரும்பாலும் துணிந்து அச்சிட்ட பதிப்பாளருக்கும் தடுக்க முனைந்த அரசுக்கும் நடந்த போராட்டமாகவே எழுதப்படுகிறது. படத்துக்கு நின்ற பெண்ணுக்கு அதில் அநேகமாக இடமே இல்லை.

1953 டிசம்பரில் சிகாகோவிலிருந்து வெளிவந்த ‘பிளேபாய்’ முதல் இதழை விற்றுக்கொடுத்தது மர்லின் மன்றோவின் நிர்வாணப் படம். பணமுடையில் இருந்த மன்றோ 1949இல் 50 டாலர் கூலிக்கு அதற்கு நின்றார். 1952இல் அது அவர்தான் என்று வெளியே தெரிந்தபோது, ஒழுக்கத்தைப் பற்றி ஓயாமல் பேசிய அன்றைய அமெரிக்காவில் அவருடைய திரைவாழ்வே ஆட்டம் கண்டது; அவரோ மறைக்காமல் ஒப்புக்கொண்டார். பிளேபாயைத் தொடங்கிய ஹியூ ஹெஃப்னர் அப்படத்துக்காக 500 டாலர் கொடுத்தது ஒரு காலண்டர் நிறுவனத்துக்கு. பழி ஒருவருக்கும் வருமானம் வேறொருவருக்கும் போன இந்த ஏற்பாடு, பின்னர் பல நாடுகளிலும் தொடர்ந்தது என்பதே என் வருத்தம்.

ஸ்பெயினில் திருச்சபையின் ஆதரவோடு நடந்த சர்வாதிகாரி பிராங்கோவின் ஆட்சி 1975 நவம்பரில் அவருடைய மரணத்தோடு முடிவுக்கு வந்தது. அடுத்த ஆண்டு தொடங்கிய ‘இன்டர்வியூ’ வார இதழ், குழந்தை நட்சத்திரமாக நாடே கொண்டாடிய மரிசோலின் ஆடையற்ற படத்தை 1976 செப்டம்பரில் அட்டையில் வெளியிட்டது. மக்கள் அதைப் புதிய ஜனநாயகத்தின் அடையாளமாகவே வாங்கினார்கள். ஆனால் அந்தப் படங்கள் 1970இல், அவ்விதழ் பிறப்பதற்கு முன்பே, வேறு தேவைக்காக எடுக்கப்பட்டவை. விடுதலையின் சின்னமாக ஒருவரை ஆக்குவதற்கு முன் அவருடைய விருப்பத்தை அறிந்திருக்க வேண்டும் என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

இந்தியாவில் எழுபதுகளிலேயே ‘டெபோனேர்’ என்ற ஆண்கள் இதழ் நடுப்பக்கப் படங்களோடு வந்துவிட்டது. எனினும் பெரும் வழக்கு எழுந்தது 1995இல் வந்த ஒரு காலணி விளம்பரத்தால். அதில் ஆடையின்றி மலைப்பாம்போடு நின்ற விளம்பர மாடல்கள் மது சாப்ரேவும் மிலிந்த் சோமனும் 2009இல்தான் விடுவிக்கப்பட்டார்கள்.

எனக்கு நம்பிக்கை தருவது 2014ஆம் ஆண்டின் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு. டென்னிஸ் வீரர் போரிஸ் பெக்கரும் அவருடைய வருங்கால மனைவி பார்பரா ஃபெல்டஸும் ஆடையின்றி இருந்த படத்தை மறுபதிப்புச் செய்த இந்திய இதழ்மீதான வழக்கு அது. எளிதில் கெட்டுப்போகக்கூடிய மனத்தைக் கொண்டு ஆபாசத்தை அளந்த 1868ஆம் ஆண்டின் ஆங்கிலேய அளவுகோலை நீதிமன்றம் கைவிட்டது. வெள்ளையரும் கறுப்பினத்தவரும் மணந்துகொள்வதை ஆதரித்து நிறவெறிக்கு எதிராக அந்த இருவர் சொல்ல வந்த செய்தியையும் கணக்கில் எடுத்துக்கொண்டே, அப்படம் ஆபாசமல்ல என்று தீர்ப்பளித்தது.