எம் வி ஸ்கொயர் பை ஆருக்கு அம்பு போடாதீர்கள்

நீட் ரிசல்ட் வந்து ஒரு வாரம் ஆகிறது. இயற்பியலில் 104. பெரிய மார்க் இல்லைதான். ஆனால் முதல் தடவை 38 வாங்கியவனுக்கு இது போதும். அம்மா இப்போதுதான் ஒழுங்காகத் தூங்குகிறார். கவுன்சிலிங் அலைச்சல் ஆரம்பிப்பதற்குள் இதை எழுதிவிடுகிறேன். மொத்த சிலபஸுக்கும் அறிவுரை சொல்கிற ஆள் நான் இல்லை. வட்ட இயக்கம் மட்டும்.

முதல் வருடம் நான் போன கோச்சிங்கில் ஒரு பக்கம் நிறைய சூத்திரம் அடித்துக் கொடுத்து, "இதை மனப்பாடம் பண்ணு, போதும்" என்றார்கள். பண்ணினேன். கயிற்றில் கட்டிய கல், சமதளச் சாலை வளைவு எல்லாமே சரியாக வந்தன. வந்ததுதான் வினை. அந்த மாதிரிக் கணக்குகளில் மையத்தை நோக்கி ஒரே ஒரு விசைதான் இருக்கும். அதை எம் வி ஸ்கொயர் பை ஆருக்கு, அதாவது நிறை பெருக்கல் வேகத்தின் வர்க்கம் வகுத்தல் ஆரத்துக்கு, சமமாகப் போட்டால் விடை விழுந்துவிடும். விசைகளை அம்புகளாக வரைந்த படம் தப்பு என்பது வெளியே தெரியவே தெரியாது.

மேம்பாலக் கணக்கில் மாட்டினேன். 1000 கிலோ கார், 50 மீட்டர் ஆரம் உள்ள பாலத்தின் உச்சியில் நொடிக்கு 10 மீட்டர் வேகத்தில் போகிறது. செங்குத்து விசை, அதாவது பாலம் காரை மேலே தள்ளும் விசை, எவ்வளவு? எடையைக் கீழ்நோக்கி வரைந்தேன், 10,000 நியூட்டன். பக்கத்திலேயே மையநோக்கு விசை என்று இன்னொரு அம்பு கீழ்நோக்கி, 2,000. இரண்டையும் பாலம் தாங்க வேண்டுமே என்று கூட்டி 12,000 என்று குறித்தேன். ஆப்ஷனில் 12,000 இருந்தது, அதுதான் கொடுமை. சரியான விடை 8,000. வர வேண்டிய 4 போய், நெகட்டிவ் 1 சேர்ந்து, ஆக 5 மார்க் நஷ்டம்.

இரண்டாவது வருடம் ஒரு ஆசிரியர் என் நோட்டைப் பார்த்துவிட்டு அந்த இரண்டாவது அம்பின் மேல் விரலை வைத்தார். "இந்த விசையை யார் குடுக்கறா?" எடையைப் பூமி தருகிறது, செங்குத்து விசையைப் பாலம் தருகிறது. இதை? என்னிடம் பதில் இல்லை. "ஆள் இல்லாத விசையை வரையாதே" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

மையநோக்கு விசை என்று தனியாக ஒன்று கிடையாது. உண்மையான விசைகளை மட்டும் வரைந்து, மையத்தை நோக்கி மிஞ்சுவது எவ்வளவு என்று பார்க்க வேண்டும். எம் வி ஸ்கொயர் பை ஆர் சமக்குறிக்கு அந்தப் பக்கம், நிறை பெருக்கல் முடுக்கம் இருக்கும் இடத்தில் வரும். எடை கழித்தல் செங்குத்து விசை = 2,000. முடிந்தது.

சரி, வேகம் மாறாதபோது முடுக்கம் எங்கிருந்து வந்தது? புத்தகத்தில் உள்ள நிரூபணத்தைத் தாண்டிப் போகாதீர்கள். வட்டத்தில் பக்கத்துப் பக்கத்துப் புள்ளிகள் இரண்டில் திசைவேக அம்புகளை வரையுங்கள். இரண்டின் வாலையும் ஒரே இடத்தில் வைத்து, முதல் அம்பின் நுனியிலிருந்து இரண்டாவதன் நுனிக்குக் கோடு போடுங்கள். அந்தக் குட்டிக் கோடு மையத்தைப் பார்க்கும். ஆரங்கள் இரண்டும் நாணும் சேர்ந்த முக்கோணத்தோடு இது ஒத்த முக்கோணம். விகிதம் எழுதி நேரத்தால் வகுத்தால் வி ஸ்கொயர் பை ஆர். மனப்பாடம் வராத எனக்கு இதுதான் ஒத்துவந்தது. கடகடவென்று போடுகிறவர்களுக்கு இது எரிச்சலாக இருக்கலாம்.

மற்றவை, அவசரமாக:

- ஆரம் கூடினால் முடுக்கம் கூடுமா, குறையுமா? முதலில் எது மாறாமல் இருக்கிறது என்று பாருங்கள். ஒரே ஃபேன் இறக்கையின் இரண்டு புள்ளிகளுக்குக் கோண வேகம் சமம். வெளிப்புள்ளிக்கு முடுக்கம் அதிகம். ஒரே வேகத்தில் போகும் இரண்டு கார்கள் என்றால் தலைகீழ்.
- சீரான வட்ட இயக்கத்தில் முடுக்கம் மாறிலி என்று கூற்று வந்தால் தவறு. அளவு மாறாது, திசை மாறிக்கொண்டே இருக்கும்.
- செங்குத்து வட்டத்தில் உச்சியில் குறைந்தபட்ச வேகம் ரூட் ஜி ஆர் (ஜி புவியீர்ப்பு முடுக்கம், ஆர் ஆரம்). இது கயிற்றுக்கு. வளையாத கம்பி என்றால் சுழியம். கேள்வியில் அந்த ஒரு வார்த்தையைத் தேடுங்கள்.
- நிலவு. தூரம் 3,84,000 கிலோமீட்டர், சுற்ற 27.3 நாள். முடுக்கம் 0.0027 வரும். தரையில் உள்ள புவியீர்ப்பு முடுக்கம் 9.8-ஐ 3600-ஆல் வகுங்கள், அதே எண். நிலவு 60 புவி ஆரத் தொலைவில் இருக்கிறது, அதன் வர்க்கம்தான் 3600. நியூட்டன் போட்டுப் பார்த்த கணக்கு இது. கேட்பார்களா தெரியாது, எனக்குப் பிடிக்கும்.
- மரணக்கிணறு. பைக்கை மையத்தை நோக்கி யாரும் இழுக்கவில்லை, சுவர் தள்ளுகிறது. எடையைத் தாங்குவது உராய்வு. இந்த ஒரு படத்தைச் சரியாக வரைய எனக்கு இரண்டு நாள் ஆனது.