வெளிப்பக்கம்

அருங்காட்சியகத்தில் சேர்ந்த புதிதில், பழங்குடியினர் கூடத்தின் குறிப்பு அட்டைகளைச் சரிபார்க்கச் சொன்னார்கள். "தோடர்கள் இத்தகைய போர்வைகளை அணிந்தனர்" என்று ஓர் அட்டையில் இருந்தது. எழுத்துப்பிழை இல்லை. அப்படியே விட்டுவிட்டேன்.

சில மாதங்கள் கழித்து நீலகிரியிலிருந்து சிலர் வந்திருந்தார்கள். அவர்களில் ஒரு மூதாட்டி, தோளில் அதே பூத்துக்குளிப் போர்வையுடன், அந்தக் கண்ணாடிப் பெட்டியின் முன் வெகுநேரம் நின்றார். விளக்கம் சொல்லலாம் என்று அருகில் போனேன் (அசட்டுத் துணிச்சல்தான்). "தம்பி, உள்பக்கத்தை வெளியே காட்டி மாட்டியிருக்கிறீர்களே" என்றார்.

வெள்ளைப் பருத்தித் துணியில், சிவப்பு, கறுப்பு நூலால், இழைகளை எண்ணி எண்ணிப் போடும் தையல் அது. கோடு வரைந்துகொள்வதில்லை, சட்டமும் கிடையாது. வழுவழுப்பான பக்கம்தான் முகப்பு என்று நாம் நினைப்போம். தோடர்களுக்கோ நூல் புடைத்துத் தெரியும் சொரசொரப்பான பக்கமே வெளிப்பக்கம். 2013-இல் புவிசார் குறியீடு பெற்ற கைவேலை, எங்கள் பெட்டிக்குள் எத்தனை ஆண்டுகளாகப் புறம் மாறித் தொங்கியதோ!

பதிவேட்டைப் புரட்டினேன். கிடைத்த இடம், சேகரித்தவர், வந்த வழி என்று எல்லாவற்றுக்கும் பத்தி உண்டு. தைத்தவருக்கு இல்லை.

எட்கர் தர்ஸ்டன் நினைவுக்கு வந்தார். 1885 முதல் 1908 வரை சென்னை அருங்காட்சியகக் கண்காணிப்பாளர்; ஊர் ஊராகப் போய்த் தலையையும் மூக்கையும் அளந்தவர். வயநாட்டில் அவரைக் கண்டதும் பணியர் பழங்குடிப் பெண்கள் ஓடிவிட்டார்கள். தங்களில் நல்ல உடல்வாகு உள்ளவர்களைப் பஞ்சடைத்து அருங்காட்சியகத்தில் வைத்துவிடுவார் என்று பயம். 1909-இல் வெளிவந்த தம் நூலில் அவரே இதை வேடிக்கையாக எழுதியிருக்கிறார். எனக்கென்னவோ அந்தப் பெண்களின் கணிப்பு அவ்வளவு தவறாகத் தோன்றவில்லை. நான் திருத்தாமல் விட்ட 'அணிந்தனர்' என்பதும் ஒருவகைப் பஞ்சுதான்.

அட்டையை 'அணிகிறார்கள்' என்று மாற்றவும், போர்வையைத் திருப்பி மாட்டவும் அனுமதி கேட்டுக் கோப்பு அனுப்பினேன். அட்டைக்கு உடனே அனுமதி வந்தது. போர்வைக்கு மட்டும் ஒரு வினா: "எது வெளிப்பக்கம் என்பதற்கு ஆதாரம் என்ன?"

"தையல் போடுகிறவரே நேரில் சொன்னது" என்று எழுதினேன்.

இரண்டு வாரம் கழித்துக் கோப்பு திரும்பி வந்தது. ஓரத்தில் சிவப்பு மையில் மூன்றே சொற்கள்: "நூல் ஆதாரம் தேவை."