ஒன்றா, ஏழா: ஷார்ட் ஸ்ட்ரீட்டில் ஒரு ஞாயிறு

மாமா ஜொகூரில் காலமான பிறகு, அவர் அலமாரியில் இருந்த பாட்டியின் வேதாகமம் என் கைக்கு வந்தது. பைண்டிங் விட்டுப்போன புத்தகம். முன்பக்க வெற்றுத்தாளில் கல்யாணம், பிறப்பு, சாவு என்று குடும்பத்துக் கணக்கு முழுக்க இருந்தது. முதல் வரி பாட்டியின் ஞானஸ்நானம். இடம், சிங்கப்பூர் ஷார்ட் ஸ்ட்ரீட் தமிழ் மெதடிஸ்ட் சபை. நாளும் மாதமும் தெளிவு. ஆண்டின் கடைசி எண்ணில்தான் மை கொட்டியிருக்கிறது. 1931 என்றும் படிக்கலாம், 1937 என்றும் படிக்கலாம்.

பாட்டிக்குப் பிறப்புச் சான்றிதழ் கிடையாது. எந்த மாதம் பிறந்தார் என்பதே வீட்டில் யாருக்கும் தெரியாது. ஞானஸ்நான நாளைத்தான் பிறந்தநாளாக வைத்திருந்தோம். அன்றைக்குச் சேமியா பாயசம் உண்டு. ஆனால் என்னை உறுத்தியது வேறு. அதே தாளில் கல்யாணம் 1937 என்று பளிச்சென்று இருக்கிறது. 31 என்றால் பாட்டி சிறு பெண்ணாகவே சபைக்கு வந்தவர். 37 என்றால் தாத்தாவைக் கட்டுவதற்காக ஞானஸ்நானம் எடுத்தவர். "எங்கம்மா சின்னப் பிள்ளையிலேயே எடுத்தவங்க" என்று அம்மா வாழ்நாள் முழுக்கச் சொல்லி வந்திருக்கிறார், சாட்சிக்கூண்டில் நிற்கிற மாதிரி.

சரி, போய்த்தான் பார்ப்போமே என்று மாதத்தின் முதல் ஞாயிறு கிளம்பினோம். அம்மாவுக்கு எண்பத்தைந்து தாண்டிவிட்டது, சக்கர நாற்காலி. ரோச்சோர் ரயில் நிலையத்தில் லிஃப்டைத் தேடிக் கண்டுபிடித்து மேலே வருவதற்குள் முதல் மணி அடித்திருக்கும் என்று பயந்தேன். அம்மாவோ கைப்பையை மடியில் இறுக்கிக்கொண்டு செலிகி ரோட்டை வேடிக்கை பார்த்துக்கொண்டு வந்தார். ஒரு கட்டடம்கூட அவருக்கு அடையாளம் தெரியவில்லை. ஷார்ட் ஸ்ட்ரீட் பெயருக்கேற்ற மாதிரி குட்டித் தெரு. திரும்பியதும், "இதான், இதான்" என்றார்.

இந்தத் தெருவுக்கு ஒரு பெருமை உண்டு. 1887 ஜூலையில் ஆஸ்திரேலியாவிலிருந்து சோஃபியா பிளாக்மோர் என்ற அம்மையார் இங்கே வந்தார். எங்கள் பெண்களுக்கும் பள்ளிக்கூடம் வேண்டும் என்று இங்கிருந்த தமிழ் வணிகர்கள் கேட்க, ஒரு மாதம் போவதற்குள், ஆகஸ்ட் 15 அன்று, இதே தெருவில் ஒரு கடைவீட்டில் ஒன்பது தமிழ்ப் பெண் பிள்ளைகளோடு பள்ளியைத் திறந்துவிட்டார். அதுதான் இன்றைய மெதடிஸ்ட் பெண்கள் பள்ளி. தமிழ்ப் பெண்களுக்காகத் தொடங்கியது அது என்று சொன்னால் இப்போது பலர் நம்ப மாட்டார்கள். நானே நாற்பது வயதில்தான் தெரிந்துகொண்டேன்.

ஆராதனை தொடங்கியிருந்தது. கீர்த்தனை பாடும்போது அம்மா புத்தகத்தைத் திறக்கவே இல்லை, நாலாவது சரணம்வரை மனப்பாடம். எனக்குப் பல்லவியோடு சரி. பல வருடங்களாக ஆங்கில ஆராதனைக்குப் போய்ப் போய்த் தமிழ் ஜெபத்தில் நாக்கு தடுமாறியது, வெட்கமாகத்தான் இருந்தது. திருவிருந்துக்கு எல்லாரும் முன்னால் போய் முழங்காலிட்டார்கள். அம்மாவால் முடியாது. போதகரே கீழே இறங்கி வந்து அப்பத்தையும் சின்னக் கிண்ணத்தையும் கொடுத்தார். மெதடிஸ்டுகளின் கிண்ணத்தில் இருப்பது புளிக்காத திராட்சைச் சாறு. அதைக் கெடாமல் வைக்கும் வழியை 1869-ல் கண்டுபிடித்த தாமஸ் வெல்ச்சும் ஒரு மெதடிஸ்ட்தான், தொழிலில் பல் மருத்துவர். அம்மா கண்ணை மூடிக்கொண்டு அதைக் குடித்த விதத்தை எழுத எனக்குச் சொல் வரவில்லை. பாட்டியும் இந்த இடத்தில்தானே முழங்காலிட்டிருப்பார். 31-ஆ 37-ஆ என்பதையே சற்று நேரம் மறந்துவிட்டேன்.

அப்புறம் தேநீர் வேளையில் ஒரு பெரியவரிடம் கேட்டேன். பழைய ஏடுகள் பற்றி பார்க்கர் ரோட்டில் கேளுங்கள் என்றார்.

மெதடிஸ்டுகளுக்கு எழுதி வைக்கும் பழக்கம் பிறவிக்குணம். ஆக்ஸ்ஃபோர்டில் ஜான் வெஸ்லியும் நண்பர்களும் மணிக்கணக்குப் பார்த்து ஜெபம், உபவாசம், சிறைச்சாலைச் சந்திப்பு என்று ஒழுங்காக இருந்ததைக் கிண்டல் செய்து பிறர் வைத்த பெயர்தானே 'மெதடிஸ்ட்'. இன்னொரு காரணமும் உண்டு. இங்கே போதகர் ஓரிடத்தில் வேர் பிடிப்பதில்லை. புது நியமனம் வாசித்தால் பெட்டியைக் கட்ட வேண்டியதுதான். போதகர் போய்விடுவார், ஏடு தங்கும். யார் எப்போது வந்தார்கள் என்பதை அடுத்தவர் அதைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும்.

எழுபதாம் எண், பார்க்கர் ரோடு. மெதடிஸ்ட் மையத்தில் சிங்கப்பூர் மெதடிஸ்ட் திருச்சபையின் ஆவண, வரலாற்று நூலகம் இருக்கிறது. வேறொரு நாள், முன்கூட்டியே சொல்லிவிட்டுப் போனோம். 1885 பிப்ரவரி 7 அன்று மெதடிஸ்ட் மிஷனரிகள் தோபர்னும் ஓல்டமும் சிங்கப்பூரில் கப்பலிலிருந்து இறங்கிய கதையைச் சிறுவயதில் ஞாயிறு பள்ளியில் கேட்டிருக்கிறேன். ஓல்டம் பெங்களூரில் பிறந்தவர், நில அளவை வேலை பார்த்தவர். மறு ஆண்டே பதின்மூன்று பிள்ளைகளோடு ஆங்கிலோ சீனப் பள்ளியைத் தொடங்கியவர். 1891-ல் ஆரம்பித்த 'மலேசியா மெசேஜ்' என்ற சபைப் பத்திரிகை இன்றும் 'மெதடிஸ்ட் மெசேஜ்' என்று வந்துகொண்டிருக்கிறது. மிஷனரிகளைத் தேடுவது சுலபம். தமிழ்ப் பெண்ணைத் தேடுவது அப்படியல்ல. "பாட்டி பெயரை ஆங்கிலத்தில் எப்படி எழுதியிருப்பார்கள்?" என்று நூலகத்தில் இருந்தவர் கேட்டதும் விழித்தேன். பாட்டி பெயரையே மூன்று விதமாக எழுதலாம். தகப்பன் பெயர் முன்னால் வருமா, பின்னால் வருமா? ஞானஸ்நானப் பெயரா, வீட்டுப் பெயரா? வேண்டுகோள் படிவத்தில் மூன்றையும் எழுதிக் கொடுத்தேன்.

வேதாகமத் தாளை ஃபோனில் படமெடுத்து வைத்திருந்தேன். உதவிக்கு வந்த நூலகப் பெண்மணி அதைப் பெரிதாக்கிப் பார்த்தார். "ஞானஸ்நானத்திலிருந்து நாலாவது வரிவரை ஒரே மை, ஒரே கையெழுத்து. ஒரே நாளில் உட்கார்ந்து எழுதினது மாதிரி இருக்கு. அப்பப்போ எழுதினதில்ல" என்றார். அப்படியானால் அந்தந்த நாளில் எழுதிய சாட்சி இல்லை, யாரோ நினைவிலிருந்து எழுதியது. எனக்குச் சப்பென்று ஆகிவிட்டது.

டாக்ஸியில் அம்மா, "அந்தப் படத்தைக் காட்டு" என்றார். கண் புரை ஆபரேஷனுக்குப் பிறகு அவர் இதைப் பார்ப்பது இதுதான் முதல் தடவை. மாமா வீட்டில் இருந்ததால் ஐம்பது வருடமாகப் புத்தகத்தையே பார்த்ததில்லை. நியூட்டன் வரும்வரை ஒன்றும் பேசவில்லை.

"நான் எழுதினதுடி."

"என்னம்மா சொல்றீங்க?"

"அவங்களுக்கு எழுதத் தெரியாதே. சொல்லச் சொல்ல நான் எழுதினேன். பன்னிரண்டு வயசு இருக்கும். புதுப் பேனா, மை கொட்டிடுச்சு. திட்டுவாங்களேன்னு புத்தகத்தை மூடி வச்சுட்டேன்."

"அப்போ ஒண்ணா, ஏழா?"

அம்மா ஃபோனை முகத்துக்குக் கிட்டே கொண்டுபோய்ப் பார்த்தார். கொஞ்சம் தள்ளி வைத்தும் பார்த்தார்.

"ஒண்ணுதான்னு இத்தனை நாள் சொல்லிட்டேனே" என்றார்.