நியூஸ்பீக்கைத் தமிழாக்கிய இரண்டு மாதம்

எங்கள் வாசிப்பு வட்டத்தில் ஜார்ஜ் ஆர்வெல்லின் '1984' நாவலை எடுத்தபோது, கடைசியில் வரும் நியூஸ்பீக் பின்னிணைப்பைத் தமிழில் ஆக்கித் தரும் வேலை என்னிடம் வந்தது. மக்கள் எதிர்த்து நினைக்கவே முடியாதபடி, கதையில் ஆளும் கட்சி ஆங்கிலத்தைச் சுருக்கி உண்டாக்கும் மொழிதான் நியூஸ்பீக். சில பக்கம்தானே, ஒரு வாரத்தில் முடித்துவிடலாம் என்று நினைத்தேன். இரண்டு மாதம் ஆனது.

முதலில் மாட்டிக்கொண்டது 'அன்குட்' (ungood) என்ற சொல்லில். கதையில் ஆளும் கட்சி 'கெட்ட' என்ற சொல்லையே ஒழித்துவிட்டு அந்த இடத்தில் இதை வைக்கிறது. 'நல்லதல்ல' என்று எழுதினேன். கொஞ்சமும் உறுத்தவில்லை, சாப்பாடு நல்லா இல்லை, உடம்பு நல்லா இல்லை என்று நாள் முழுக்க நாமே அப்படித்தானே பேசுகிறோம், அதில் ஒரு சொல்லைப் பிடுங்கிய தடம் எப்படித் தெரியும்? 'தீய' என்று போட்டால், ஒழித்ததையே திரும்பக் கூட்டிவந்த மாதிரி. அப்புறம் அநீதி, அநியாயத்தில் இருக்கும் 'அ'வை எடுத்து 'அநல்ல' என்று ஒட்டினேன். அம்மாவிடம் வாசித்துக் காட்டியபோது, "என்ன வார்த்தைடா இது, சோத்துல கல்லு கடிச்ச மாதிரி இருக்கு" என்றார். சரி, இதுதான் வேண்டும் என்று அதையே வைத்துக்கொண்டேன்.

வினைச்சொற்களிலும் இதே கதை. நியூஸ்பீக்கில் இறந்தகாலத்துக்கு ஒரே விகுதிதான். அதே மாதிரி தமிழில் செய்து பார்த்தால் 'வந்தான்' போய் 'வாவினான்', 'தந்தான்' போய் 'தாவினான்'. கொடுத்தவனுக்கும் குதித்தவனுக்கும் ஒரே சொல்!

ஆனால் பத்து நாள் தூங்கவிடாதது 'ஃப்ரீ'. நாய்க்குப் பேன் இல்லை, வயலில் களை இல்லை என்பதைச் சொல்ல மட்டும்தான் அந்தச் சொல்லை அவர்கள் விட்டுவைக்கிறார்கள், அரசியல் பொருள் அடியோடு போய்விட்டது. தமிழில் இந்த இடத்தில் 'இல்லை' என்றாலே போதும், சுதந்திரமெல்லாம் ஒட்டவே ஒட்டாது. கடைசியில் 'விடுதலை'யை எடுத்தேன், நோயிலிருந்து விடுதலை என்று சொல்கிறோமே. 'இந்த வயல் களையிலிருந்து விடுதலை பெற்றது' என்று நோட்டில் எழுதிவிட்டு, சிறைக்கதவும் 1947-ம் கூடவே நினைவுக்கு வரும் ஒரு சொல் இனிமேல் களைக்கும் பேனுக்கும் மட்டும்தான் என்றால் எப்படி இருக்கும் என்று யோசித்தபோது நிஜமாகவே நெஞ்சு அடைத்தது. அன்றைக்கு அதற்குமேல் எழுதவில்லை.

எல்லாம் முடிந்து சரிபார்க்கும்போதுதான் பெரிய தப்பைக் கண்டுபிடித்தேன். விளக்கக் கட்டுரை எழுதும் பழக்கத்தில் 'இருக்கிறது', 'சொல்கிறார்கள்' என்று நிகழ்காலத்தில் போட்டிருக்கிறேன். மூலம் இறந்தகாலத்தில், அதுவும் சாதாரண ஆங்கிலத்தில் இருக்கிறது. 2050-க்குள் பழைய மொழியை முழுக்க அகற்றிவிடத் திட்டமிட்டவர்களைப் பற்றி யாரோ ஒருவர் அதே பழைய மொழியில் 'இருந்தது' என்று எழுதுகிறார் என்றால், அந்த ஆட்சி விழுந்துவிட்டது என்றுதான் எனக்குப் படுகிறது. இந்தப் பின்னிணைப்பை வெட்டச் சொல்லி அமெரிக்கப் புத்தகச் சங்கம் ஒன்று கேட்டபோது ஆர்வெல் மறுத்துவிட்டார்.

ஒரு ராத்திரி முழுக்க உட்கார்ந்து ஒவ்வொரு வினையையும் மாற்றினேன். வட்டத்தில் வாசித்த அன்று, முதல் வரியின் 'இருந்தது'வைக் கொஞ்சம் நிறுத்திச் சொன்னேன்.