உயரத்தை அளந்தது எங்கள் தப்பு

பெங்களூரில் மலையேற்றப் பைகள் செய்யும் நிறுவனம் ஒன்றில் பேட்டர்ன் வெட்டும் வேலையில் இருந்தேன். 50 லிட்டர் பை ஒன்றை மூன்று மாதம் இழைத்து இழைத்துச் செய்து, உள்ளே 12 கிலோ மணலைப் போட்டு ஆளுக்கு நாலு முறை ஆபீஸ் மாடிப்படி ஏறி இறங்கினோம். எல்லோருக்கும் திருப்தி. சரி என்று குமார பர்வதத்துக்குக் கிளம்பினோம். 1,712 மீட்டர், குக்கே சுப்ரமண்யா பக்கமிருந்து போனால் பெரும்பாலும் ஏற்றம்தான்.

பாதி வழியில் பட்டர மனை என்ற வீடு வருவதற்குள், கூட வந்த சாம்பிள் டெய்லர் அக்கா இடுப்புப் பட்டையைக் கழற்றிவிட்டார். ஓசூர்க்காரர். "வயித்த நெரிக்குது தம்பி. இது இடுப்புக்குத் தச்சதா, தொப்பைக்குத் தச்சதா?" தைத்ததே அவர்தான்.

அவரும் நானும் ஒரே உயரம், அதனால் ஒரே மீடியம் சைஸ். அங்கேயே உட்கார்ந்து டேப்பை எடுத்தேன். தலையைக் குனிந்தால் பிடரிக்குக் கீழே துருத்தும் எலும்பு முதல் இடுப்பெலும்பின் மேல்விளிம்பு வரை எனக்கு 43 சென்டிமீட்டர், அவருக்கு 47. எனக்குக் கால் நீளம், அவருக்கு முதுகு நீளம். பட்டை அந்த எலும்பின் மேல் உட்கார்ந்தால்தான் பாரத்தில் பெரும்பங்கு கால்களுக்கு இறங்கும். நாலு சென்டிமீட்டர் மேலேறினால் வயிறு நசுங்கும், மொத்தப் பாரமும் தோளில் தொங்கும். கட்டட வேலையில் சும்மாடு வைத்துச் செங்கல் சுமக்கிறவர்களுக்கு இது தெரியும்: பாரம் எலும்பு வழியாக இறங்கவேண்டும், தசையில் தொங்கக்கூடாது. நாங்கள்தான் உயர அட்டவணையை நம்பிக்கொண்டிருந்தோம்.

அப்புறம் தோள்வாரை மேலும் கீழும் நகர்த்தி மாட்டும்படி மாற்றினோம். செலவு கூடுகிறது என்று மேலே முணுமுணுத்தார்கள்.

அடுத்த சண்டை வியர்வை. முதுகுக்கும் பைக்கும் நடுவே காற்று போக இழுத்துக் கட்டிய வலை வேண்டும் என்றது விற்பனைப் பிரிவு. நம் ஊர்ப் புழுக்கத்துக்கு நியாயமான ஆசைதான், ஆனால் வலை பாரத்தைப் பின்னால் தள்ளுகிறது, அதைச் சமாளிக்க ஆள் முன்னால் குனிகிறார், சாயங்காலம் இடுப்பு பிடித்துக்கொள்கிறது. நான் ஒத்துக்கொள்ளவில்லை, முதுகில் படும் ஃபோம் மெத்தையிலேயே காற்றுக்குப் பள்ளம் வெட்டினோம். சட்டை நனையத்தான் செய்தது.

இரண்டாம் முறை அக்கா உச்சிவரை ஏறினார். பட்டையைப் பற்றிப் பேச்சே இல்லை. பக்கவாட்டுப் பையிலிருந்து பாட்டிலை எடுக்கத்தான் கை எட்டவில்லையாம்.