மூன்று பதில் மனுக்கள்

இன்று காலை, ஓய்வு பெற்று ஒன்பது ஆண்டுகள் ஆகிவிட்ட எதிர்வீட்டுப் பேராசிரியர், தம் ஊதிய நிலுவை வழக்கின் கட்டைத் திண்ணையில் பிரித்து வைத்து, பக்க எண்களைச் சரிபார்த்துத் தரும்படி என்னைக் கேட்டார்.

அதில் பதில் மனுக்கள் மூன்று இருந்தன. மாநில அரசு மானியம் தந்தால்தான் கொடுக்க முடியும் என்கிறது கல்லூரி நிர்வாகம்; மத்திய அரசின் பங்கு வரவில்லை என்கிறது மாநிலம்; மாநிலம் முதலில் கொடுத்துவிட்டுக் கணக்கு அனுப்பட்டும் என்கிறது மத்திய அரசு.

அவருக்குப் பணம் சேர வேண்டியதில்லை என்று மூன்றிலும் ஒரு வரிகூட இல்லை.

ஆறாவது ஊதியக் குழுவை ஒட்டிக் கல்லூரி ஆசிரியர் ஊதியம் திருத்தப்பட்டபோது, 2006 ஜனவரி முதல் 2010 மார்ச் வரையிலான கூடுதல் செலவில் 80 விழுக்காட்டை ஏற்பதாகச் சொன்ன மத்திய அரசு, ஓய்வு வயதை 65 ஆக்க வேண்டும் என்ற நிபந்தனையையும் கூடவே வைத்தது. அது உச்ச நீதிமன்றம் வரை போய், வயதை உயர்த்தும்படி மாநிலங்களைக் கட்டாயப்படுத்த முடியாது என்று 2013இல் தீர்ப்பானது. ஏழாவது குழுவின்போது மத்தியப் பங்கு 50 விழுக்காடாகக் குறைந்தது. அதுவும் 39 மாதங்களுக்கு மட்டும்.

ஊதியம் எவ்வளவு என்பதை முடிவு செய்ய ஒரு குழு போதுமாக இருக்கிறது. அதை யார் கொடுப்பது என்பதற்குத்தான் இத்தனை நீதிமன்றப் படிகள் ஏற வேண்டியிருக்கிறது.

112ஆம் பக்கம் இருமுறை வந்திருந்தது. இரண்டாவதை அழித்துவிட்டு, பென்சிலால் '112 அ' என்று எழுதிக்கொண்டார்.