பிள்ளைகளின் முன்கை எலும்பு வளைந்து முறிந்தால்

முருங்கைக் கிளையை வளைத்தால் படக்கென்று ஒடிந்துவிடும். பச்சை வேப்பங்குச்சி அப்படி ஒடியாது. வெளிவளைவில் நார் பிய்ந்து விரியும், உள்வளைவில் பட்டை மடங்கினாலும் அறாமல் பிடித்துக்கொண்டிருக்கும். கையை எடுத்த பிறகும் குச்சி வளைந்தே நிற்கும். சின்னப் பிள்ளைகளின் முன்கை எலும்பு பல சமயம் இப்படித்தான் முறிகிறது. பச்சைக்குச்சி முறிவு என்று இதற்குப் பெயர். "பாதிதானே உடைஞ்சிருக்கு" என்று வீட்டார் ஆறுதல் அடைவார்கள். அறாமல் இருக்கும் அந்தப் பாதிதான் தொல்லை தருவது. நேராக்கி விட்டாலும் வில் போலத் திரும்ப இழுக்கும்.

முன்கையில் இரண்டு எலும்புகள். சுண்டுவிரல் பக்கத்து அல்னா கிட்டத்தட்ட நேரான தூண். கட்டைவிரல் பக்கத்து ரேடியஸ் லேசாக வளைந்தது, அந்தத் தூணைச் சுற்றிச் சுழல்வது. உள்ளங்கையை நீட்டித் திருநீறு வாங்குவதும், சோற்றை உருட்டி வாயில் வைப்பதும், பூட்டில் சாவியைத் திருப்புவதும் இந்தச் சுழற்சியால்தான். எலும்பு கோணி ஒட்டினால் முதலில் பறிபோவது இதுதான். நடுத்தண்டில் 10 டிகிரி கோணல் என்றால் பெரிய இழப்பு இல்லை. 20 டிகிரி ஆனால் சுழற்சி கண்ணுக்குத் தெரியக் குறையும். உள்ளங்கை கீழ்நோக்கித் திரும்பாவிட்டால் முழங்கையைப் பக்கவாட்டில் தூக்கிச் சமாளித்துக்கொள்ளலாம். மேல்நோக்கித் திரும்பாவிட்டால் அதைச் சமாளிக்க உடம்பில் வேறு வழி கிடையாது. ஆகவே "கை கொஞ்சம் கோணலா இருந்தா என்ன, பார்க்கத்தானே அசிங்கம்" என்று விட்டுவிடக் கூடாது.

விழுந்த இடத்தில் முதலில் செய்ய வேண்டியது, கை எந்த நிலையில் இருக்கிறதோ அந்த நிலையிலேயே தாங்குவது. தடித்த அட்டையோ மடித்த செய்தித்தாளோ போதும். முழங்கைக்கு மேலிருந்து விரல் அடி வரை வைத்துத் துணியால் தளர்வாகக் கட்டுங்கள். வளையல், மோதிரம், மணிக்கட்டில் கட்டிய கறுப்புக் கயிறு எல்லாவற்றையும் உடனே கழற்றுங்கள், கயிறு கழலாவிட்டால் வெட்டிவிடுங்கள். வீக்கம் ஏறிய பிறகு அந்தக் கயிறே இறுக்கும் சுருக்கு ஆகிவிடும். பிள்ளை அழுகிறதே என்று பாலும் பிஸ்கட்டும் கொடுக்காதீர்கள். மயக்கம் கொடுத்து எலும்பை நேராக்க வேண்டியிருந்தால் திட உணவு சாப்பிட்டு 6 மணி நேரம் ஆகியிருக்க வேண்டும். வலிக்குப் பாரசிட்டமால், கிலோவுக்கு 15 மி.கி. கணக்கில், 20 கிலோ பிள்ளைக்கு 300 மி.கி.

மருத்துவமனையில் எக்ஸ்ரேக்கு முன்பு தோலைச் சுற்றிலும் பார்க்க வேண்டும். கோணத்தின் உச்சிக்கு, அதாவது வளைவு புடைத்து நிற்கும் இடத்துக்கு, மேலே ஊசி குத்தியது போல ஒரு புள்ளி, அதிலிருந்து விடாமல் கசியும் ரத்தம் என்றால், எலும்பின் முனை உள்ளிருந்து தோலைக் குத்திவிட்டுத் திரும்பியிருக்கிறது. அது திறந்த முறிவு. ஆன்டிபயாட்டிக்கை ஒரு மணி நேரத்துக்குள் தொடங்க வேண்டும், டெட்டனஸ் ஊசி பார்க்க வேண்டும், காயத்தை அறுவை அரங்கில் கழுவ வேண்டும். அடுத்து நரம்பு. அழும் பிள்ளையிடம் விளையாட்டாகவே சோதிக்கலாம். கட்டைவிரலைத் தூக்கிக் காட்டச் சொன்னால் ரேடியல் நரம்பு தெரியும். கட்டைவிரல் நுனியையும் ஆட்காட்டிவிரல் நுனியையும் சேர்த்து வட்டம் போடச் சொன்னால் மீடியன் நரம்பின் கிளை தெரியும். விரல்களை அகல விரிக்கச் சொன்னால் அல்னார் தெரியும். மூன்றையும் நேராக்குவதற்கு முன்பும் பின்பும் நேரம் போட்டு எழுதி வைக்க வேண்டும். முன்பு பார்க்காமல் விட்டால், பின்னால் தெரியும் குறை விழுந்ததால் வந்ததா, நாம் இழுத்ததால் வந்ததா என்று சொல்ல முடியாது.

எக்ஸ்ரே இரண்டு கோணங்களில், இரண்டு மூட்டுகளும் தெரியும்படி எடுக்க வேண்டும். முழங்கையை விட்டுவிட்டு முன்கையை மட்டும் எடுத்த படத்தை நான் ஏற்க மாட்டேன். அல்னா மட்டும் வளைந்து முறிந்திருக்கிறது, ரேடியஸ் முழுதாக இருக்கிறது என்றால் முழங்கையில் ரேடியஸ் தலை விலகியிருக்கிறதா என்று தேடியே ஆக வேண்டும். மிலான் நகர அறுவை மருத்துவர் மான்டேஜியா 1814-இல் விவரித்த காயம் இது. இன்றும் தவறவிடப்படுகிறது. ரேடியஸ் கழுத்தின் நடுவே ஒரு கோடு போட்டால் அது எந்தக் கோணப் படத்திலும் மேற்கை எலும்பின் காபிடெல்லம் குமிழ் வழியாகப் போக வேண்டும். ஒரு படத்தில் தவறினாலும் மூட்டு விலகியிருக்கிறது என்று பொருள். வாரக்கணக்கில் கழித்துக் கண்டுபிடித்தால் சாதாரணமாகச் சரிசெய்யக்கூடியது பெரிய அறுவையாகிவிடும். படம் எடுப்பவர்களுக்கும் ஒரு சொல்: பக்கவாட்டுப் படத்துக்கு மணிக்கட்டைப் பிடித்துத் திருப்பாதீர்கள். அப்போது சுழல்வது முறிவின் கீழ்த்துண்டு மட்டுமே. தோளிலிருந்து கை முழுவதையும் சேர்த்துத் திருப்புங்கள்.

கோணத்தை அளக்கும்போது மேல்துண்டின் நடுக்கோடும் கீழ்த்துண்டின் நடுக்கோடும் சந்திக்கும் இடத்தைப் பாருங்கள். திசையைச் சொல்லும்போது "உச்சி உள்ளங்கைப் பக்கம்" அல்லது "உச்சி புறங்கைப் பக்கம்" என்று உச்சியை வைத்தே சொல்லுங்கள். வெறுமனே "பின்பக்கம் வளைந்திருக்கிறது" என்று எழுதினால் ஒருவர் உச்சியை நினைப்பார், இன்னொருவர் கீழ்த்துண்டை நினைப்பார், தொலைபேசியில் பேசும்போது முறிவு தலைகீழாகிவிடும். இன்னொன்று, படத்தில் தெரிவது நிழல்தான். நேர்ப் படத்தில் 15 டிகிரி, பக்கவாட்டுப் படத்தில் 20 டிகிரி என்றால் உண்மைக் கோணம் இரண்டையும்விடப் பெரியது. இரண்டு டேன்ஜென்ட்களின் வர்க்கங்களைக் கூட்டி வர்க்கமூலம் எடுத்தால் உண்மைக் கோணத்தின் டேன்ஜென்ட் வரும், அந்தக் கோணம் சுமார் 24 டிகிரி. "20 தானே, விட்டுவிடலாம்" என்று முடிவெடுக்கும் முன் இந்தக் கணக்கைப் போட்டுப் பாருங்கள்.

எவ்வளவு கோணலை விடலாம் என்பது வயதையும் இடத்தையும் பொறுத்தது. தண்டுப் பகுதியில் 9 வயதுக்குக் கீழ் 15 டிகிரி வரை, அதற்கு மேல் 10 டிகிரி வரை என்பது பரவலாகப் பின்பற்றப்படும் எல்லை. மணிக்கட்டுக்கு அருகே தாராளம் அதிகம், ஏனென்றால் ரேடியஸின் நீள வளர்ச்சியில் ஏறத்தாழ முக்கால் பங்கு அந்த முனையின் வளர்ச்சித் தட்டிலிருந்து வருகிறது. 6 வயதுப் பிள்ளையின் மணிக்கட்டு முனையில் 20 டிகிரி கோணல் வளர வளர நேராகிவிடும். அதே கோணல் 13 வயதுப் பெண்ணின் நடுத்தண்டில் இருந்தால் நேராகாது, அவளுக்கு வளர்ச்சிக்காலம் ஏறக்குறைய முடிந்துவிட்டது. திருகலைப் பொறுத்தவரை வயதை நம்பியே இருக்கக் கூடாது, கோணல் நேராவது போல் திருகல் தானாக நேராகாது. படத்தில் முறிவுக்கு மேலும் கீழும் எலும்பின் அகலம் ஒத்துப்போகவில்லை என்றால் திருகல் இருக்கிறது.

நேராக்குவதில் பலமாக அழுத்துவதைவிடத் திருப்புவது முக்கியம். பச்சைக்குச்சி முறிவு பெரும்பாலும் வளைவும் திருகலும் சேர்ந்தது. உச்சி உள்ளங்கைப் பக்கம் இருந்தால் உள்ளங்கையைக் கீழ்நோக்கியும், உச்சி புறங்கைப் பக்கம் இருந்தால் மேல்நோக்கியும் திருப்ப வேண்டும். கட்டைவிரல் உச்சியை நோக்கிப் போக வேண்டும் என்று நினைவில் வைத்துக்கொள்ளலாம். மயக்கத்துக்குக் கெட்டமின் மருந்து, ரத்தநாள ஊசியாகக் கிலோவுக்கு 1 முதல் 1.5 மி.கி., பக்கத்தில் ஆக்சிஜனும் உறிஞ்சு கருவியும், மூச்சை மட்டுமே கவனிக்க ஒரு தனி ஆள். இவை இல்லாத இடத்தில் செய்யக் கூடாது. அறாத பக்கத்தையும் வேண்டுமென்றே ஒடித்துவிடலாமா என்பதில் மருத்துவர்களுக்குள் இரு கட்சி உண்டு. ஒடித்தால் வில் போலத் திரும்ப இழுக்காது, ஆனால் முறிவு நிலையற்றதாகி நழுவலாம். திருப்பி அழுத்தும்போது தானாக ஒடிந்தால் சரி, அதற்காகவே முறிக்கப் போக வேண்டாம் என்பது என் கருத்து.

பின்னால் வரும் கோணலில் பெரும்பகுதி மாவுக்கட்டில்தான் தொடங்குகிறது. பஞ்சு இரண்டு அடுக்கு, முழங்கை முனையிலும் மணிக்கட்டு மேடுகளிலும் மட்டும் கூடுதலாக ஒன்று. அதற்கு மேல் வைத்தால் பஞ்சு அமுங்கி உள்ளே எலும்பு ஆடும். தண்ணீர் அறைச் சூட்டில் இருக்க வேண்டும், வெந்நீரில் நனைத்தால் மாவு இறுகும்போது எழும் சூடு தோலைச் சுட்டுவிடும். சுருளைத் தண்ணீரில் போட்டதும் குமிழ் வரும். குமிழ் நின்றதும் எடுத்து, இரு முனையையும் பிடித்து மெல்லப் பிழிய வேண்டும். முழங்கை 90 டிகிரியில் மடங்கியிருக்க, அக்குள் அருகிலிருந்து உள்ளங்கை ரேகை வரை சுற்ற வேண்டும். விரல் கணுக்கள் தாராளமாக மடங்க வேண்டும். மாவு இறுகும் அந்தச் சில நிமிடங்களில் மூன்று இடங்களில் அழுத்த வேண்டும்: உச்சியில் ஒன்று, எதிர்ப்பக்கத்தில் மேலும் கீழுமாக இரண்டு. விரல் நுனியால் அழுத்தினால் அந்தப் பள்ளத்தில் புண் வரும், உள்ளங்கையால்தான் அழுத்த வேண்டும். கூடவே முன்கையை முன்னும் பின்னுமாகத் தட்டையாக்க வேண்டும். குழாய் போல உருண்ட கட்டு அழகாக இருக்கும், எலும்பைப் பிடிக்காது. சரிபார்க்க ஒரு அளவு உண்டு. பக்கவாட்டுப் படத்தில் கட்டின் உள்ளகலத்தை நேர்ப் படத்தின் உள்ளகலத்தால் வகுத்தால் 0.8-க்குக் கீழே வர வேண்டும். 5.2 செ.மீ. பக்கவாட்டில், 7 செ.மீ. நேரில் என்றால் 0.74, நல்ல கட்டு.

முதல் 24 மணி நேரம் வீக்கம் ஏறும். கட்டை நீளவாக்கில் பஞ்சோடு சேர்த்துப் பிளந்து வைப்பது பாதுகாப்பு. மருந்து கொடுத்தும் அடங்காத வலி, விரலை மெல்ல நிமிர்த்தினாலே அலறல், மேலும் மேலும் மருந்து கேட்பது, நிலைகொள்ளாத தவிப்பு: இவை தசைப்பைக்குள் அழுத்தம் ஏறுவதன் அறிகுறிகள். நாடி துடிக்கிறதே என்று நிம்மதி அடையாதீர்கள், நாடி கடைசி வரை துடிக்கும். சில மணி நேரத்தில் தசை செத்துவிடும், பிறகு விரல்கள் நிரந்தரமாகச் சுருங்கிவிடும். உடனே கட்டைத் தோல் வரை பிரிக்க வேண்டும், குறையாவிட்டால் அறுவைதான். மூங்கில் பத்தையும் முட்டை வெள்ளையும் வைத்துக் கட்டும் நாட்டுக்கட்டில் எலும்பு ஒட்டாது என்று நான் சொல்ல மாட்டேன், ஒட்டும். எக்ஸ்ரே இல்லாமல் கோணமும் விலகிய மூட்டும் தெரியாது என்பதும், வீங்கும் கையை இறுக்கமாகச் சுற்றிவிடுவதும்தான் அதிலுள்ள ஆபத்து. அங்கே கட்டியிருந்தாலும் விரல் நீலமோ வெளுப்போ ஆனால் யாரையும் கேட்டுக்கொண்டு நிற்காமல் வெட்டிவிடுங்கள்.

ஒரு வாரத்தில் வீக்கம் வடியும், கட்டு தொளதொளக்கும், எலும்பு நழுவும். 7-ஆம் நாளும் 14-ஆம் நாளும் இரண்டு கோணப் படம் எடுக்கச் சொல்வது இதற்காகத்தான். கை வலிக்கவில்லை என்பதால் வராமல் இருந்துவிடுகிறார்கள், அதுதான் எனக்கு மிகவும் வருத்தம். இரண்டாம் வாரம் கண்டுபிடித்தால் திரும்ப நேராக்கலாம், அல்லது உள்வளைவுப் பக்கத்தில் கட்டை அறுத்து ஆப்பு வைத்து நிமிர்த்தலாம். ஐந்தாம் வாரம் வந்தால் எலும்பு ஒட்டியிருக்கும். இரண்டாம் முறையும் நழுவினாலோ, 10 வயதுக்கு மேல் எல்லையைத் தாண்டிய கோணல் நின்றாலோ வளையும் டைட்டானியம் கம்பி போடுவது நல்லது. பெரியவர்களுக்குத் தண்டு முறிவில் பிளேட்டும் திருகாணியும்தான்.

பொதுவாக ஆறு வாரத்தில் கட்டு பிரிக்கப்படும். வெளிவளைவில் பிளந்த பக்கம் கடைசியில்தான் கூடும், ஆகவே பிரிக்கும் முன் எடுக்கும் படத்தில் அந்த இடைவெளியில் புது எலும்பு நிரம்பியிருக்கிறதா என்று குறிப்பாகப் பார்க்க வேண்டும். இடைவெளி கறுப்பாகவே தெரிந்தால் கட்டு இன்னும் இரண்டு வாரம் இருக்கட்டும். பிரித்த பிறகும் சில மாதங்களுக்கு மரம் ஏறுவது, கபடி, சைக்கிள் வித்தை வேண்டாம். பச்சைக்குச்சி முறிவு அதே இடத்தில் மறுபடி முறிவதற்குப் பேர்போனது.